பல்கேரிய நடிகர் ஸ்டெஃபான் டனாயிலோவ்: ஆட்சி மாறியும் மார்க்கெட் போகாதது எப்படி?

ஒரு படவிழாவில் 'உலகம் முடிந்த பிறகு' என்ற 1998ஆம் வருடத்துப் பல்கேரியப் படத்தைப் பார்த்த நண்பர் ஒருவர் இந்தக் கேள்வியைப் போட்டிருக்கிறார். அதில் பேராசிரியராக வருகிறவரின் முகம் மனதில் நின்றுவிட, வீட்டுக்குப் போய் யாரென்று தேடியிருக்கிறார். ஸ்டெஃபான் டனாயிலோவ் என்ற பெயர் கிடைத்திருக்கிறது, கூடவே தலை சுற்றுகிற அளவுக்குத் தகவல்களும். சிறுவனாக சினிமாவுக்கு வந்தவர், கம்யூனிஸ்ட் ஆட்சிக் காலத்தின் டிவி நாயகன், பிறகு இத்தாலிய மாஃபியா தொடரில் ஒரு வேடம், அப்புறம் நாட்டின் கலாச்சார அமைச்சர், அதற்கும் பிறகு தனியார் சேனலில் சீரியல். "இவர் உண்மையிலேயே பெரிய நடிகரா, இல்லை ஆட்சி தூக்கிவிட்ட ஆளா? அந்த ஆட்சி போன பிறகும் எப்படி நிலைத்தார்?" என்று கேட்கிறார். இதில் இரண்டு கேள்விகள் இருக்கின்றன. முதலாவது ரசனை சம்பந்தப்பட்டது, அதற்கு என் அபிப்பிராயத்தைத்தான் சொல்ல முடியும். இரண்டாவதற்கு விடை வேண்டுமென்றால், அந்த நாட்டில் ஒரு நடிகருக்கு மாதச் சம்பளம் எங்கிருந்து வந்தது என்று பார்க்க வேண்டும்.

என்னைப் பற்றி ஒரு வார்த்தை. கிழக்கு ஐரோப்பியப் படங்களைத் தேர்ந்தெடுத்துத் திரைப்படச் சங்கங்களில் திரையிடுவது, அறிமுகம் பேசுவது, மாணவர்களுக்கு சினிமா வரலாறு எடுப்பது என்று பல வருடங்களாக இதிலேயே இருக்கிறேன். பல்கேரிய மொழியை அகராதியை வைத்துக்கொண்டு தட்டுத் தடுமாறிப் படிப்பேன், அவ்வளவுதான். படங்களைப் பெரும்பாலும் சப்டைட்டிலோடு பார்த்தவன். டனாயிலோவை மேடையில் பார்த்ததில்லை. அவருடைய தொழிலில் பாதி மேடை என்பதால் இது சின்னக் குறையில்லை. அதை மனதில் வைத்துக்கொண்டு படியுங்கள்.

சந்தேகமில்லாத விஷயங்களை முதலில் சொல்லிவிடுகிறேன். டனாயிலோவ் 1942 டிசம்பர் 9 அன்று சோஃபியாவில் பிறந்தார். 1956இல் வெளிவந்த 'தடயங்கள் அழிவதில்லை' என்ற சிறுவர் படத்தில் நடித்தபோது பதின்மூன்று வயதுப் பையன். தெருப் பிள்ளைகள் கூட்டமாகச் சேர்ந்து வெளிநாட்டு உளவாளிகளின் சதியைக் கண்டுபிடிக்கும் கதை. பனிப்போர் காலத்துச் சிறுவர் சாகசக் கதைகளுக்கே உரிய வார்ப்பு. எழுதியவர் பாவெல் வெழினோவ். இந்தப் பெயரை நினைவில் வைத்திருங்கள், கொஞ்சம் கழித்து இன்னொரு இடத்தில் வருவார். பையன் படித்து முடித்து, சோஃபியாவில் இருந்த அரசு நாடகக் கல்லூரியில் சேர்ந்து 1966இல் நடிப்புப் பட்டம் வாங்கினார். கிரஸ்தியோ சராஃபோவ் என்ற பழைய நடிகரின் பெயரைத் தாங்கிய கல்லூரி அது. 2019 நவம்பர் 27 அன்று, 77ஆவது பிறந்தநாளுக்குச் சில நாட்கள் இருக்கும்போது இறந்தார். அறுபது வருடங்களுக்கு மேல் நீண்ட நடிப்பு வாழ்க்கை. ஊரில் எல்லோருக்கும் அவர் 'லம்போ'. செய்தித்தாளே தலைப்பில் அப்படித்தான் போடும்.

இனி சம்பள விஷயம். நம் ஊரில் சினிமா நடிகர் என்றால் படத்துக்குப் படம் சம்பளம் பேசுகிறவர், படம் இல்லாவிட்டால் வருமானமும் இல்லாதவர். போருக்குப் பிந்தைய பல்கேரியாவில் அந்த ஏற்பாடு கிடையாது. 1948இல் சினிமாத் தொழில் முழுக்க அரசுடைமை ஆனது. படங்கள் சோஃபியாவின் ஓரத்தில், விதோஷா மலையடிவாரத்தில் இருந்த பொயானா ஸ்டுடியோவில் தயாராகும். ஆனால் நடிகர் பொதுவாக ஒரு நாடக அரங்கின் நிரந்தர ஊழியர். ஊருக்கு ஊர் அரசு நாடக அரங்கு உண்டு, அதற்கென்று நிலையான குழு உண்டு, மாதச் சம்பளம் உண்டு. கல்லூரியில் இருந்து வெளியே வருகிறவர்களில் பலரை முதலில் ஏதாவது மாவட்டத் தலைநகர் அரங்குக்கு அனுப்புவார்கள், பிறகுதான் சோஃபியா. சினிமா வாய்ப்பு வந்தால் ஒத்திகை நேரம் பார்த்து ஷூட்டிங்குக்குப் போய்விட்டு, சாயங்காலம் மேடைக்குத் திரும்ப வேண்டும். பல்கேரியப் படங்களில் மூன்று நிமிடம் வந்து போகிற தபால்காரர்கூட அசத்தலாக நடிப்பதைக் கவனித்திருப்பீர்கள். காரணம் இதுதான். அவர் முந்தின நாள் இரவு செகாவ் நாடகத்தில் முக்கிய வேடம் போட்டவராக இருக்கலாம்.

டனாயிலோவும் இப்படி ராணுவ நாடக அரங்கிலும் இவான் வாசோவ் தேசிய நாடக அரங்கிலும் வேலை பார்த்தவர்தான். ஆனால் மக்களுக்கு அவரைத் தெரிந்தது டிவி வழியாக. பல்கேரிய டிவி 1959இல்தான் தொடங்கியது. பத்து வருடம் கழித்து, 1969இல், 'ஒவ்வொரு கிலோமீட்டரிலும்' என்ற தொடர் வந்தது. 1971 வரை இரண்டு பருவங்கள், பருவத்துக்கு 13 என்று மொத்தம் 26 பகுதிகள். முதல் பருவம் 1920களின் கிளர்ச்சியில் தொடங்கி, 1944 செப்டம்பர் 9 அன்று கம்யூனிஸ்டுகள் முன்னின்ற கூட்டணி ஆட்சியைப் பிடிக்கும் வரை போகும். இரண்டாவது, அதற்குப் பின்னால் நடக்கும் எதிர்-உளவு வேலைகள். நாயகன் நிகோலா தெயானோவ், தலைமறைவுப் போராளி. அதுதான் டனாயிலோவ். அவரைத் துரத்தும் போலீஸ் அதிகாரி வெலின்ஸ்கியாக கியோர்கி செர்கெலோவ். இவர்களுக்கு நடுவே, வெடிகுண்டும் வாய்ச்சவடாலுமாகத் திரியும் 'பாம்ப்' மித்யோவாக கிரிகோர் வாச்கோவ். தொடர் ஓடும் நேரத்தில் ஊரே டிவி முன்னால் உட்கார்ந்திருந்ததாகச் சொல்வார்கள். நம் ஊரில் 1980களின் கடைசியில் ஞாயிறு காலைகளில் நடந்த மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். கிழக்கு ஜெர்மனி, போலந்து, செக்கோஸ்லோவாகியா, சோவியத் யூனியன் என்று அந்தப் பக்கத்து நாடுகளிலும் தொடர் ஓடியது.

அந்தக் காலத்தில் சோஷலிச நாடுகள் ஆளுக்கொரு உளவு நாயகனை வைத்திருந்தன. போலந்துக்கு 1960களின் கடைசியில் ஹான்ஸ் குளோஸ், சோவியத்துக்கு 1973இல் ஷ்டிர்லிட்ஸ். பல்கேரியாவுக்கு தெயானோவ். மூவரையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் ஒரு வித்தியாசம் தெரியும். குளோஸும் ஷ்டிர்லிட்ஸும் எதிரியின் சீருடைக்குள் ஒளிந்திருப்பவர்கள், முகத்தில் எதையும் காட்டக் கூடாதவர்கள். தெயானோவ் பெரும்பாலும் வெளியே ஓடிக்கொண்டிருப்பவன். வேஷம் மாற்றுவான், பிடிபடுவான், தப்புவான், கோபப்படுவான், காதலிப்பான். அதற்கு அழகும் வேகமும் உள்ள 26, 27 வயது இளைஞன் தேவைப்பட்டான். அந்த இடத்தில் டனாயிலோவ் கச்சிதமாகப் பொருந்தினார்.

பொருந்தினார் என்றுதான் சொல்கிறேன், பிரமாதமாக நடித்தார் என்று சொல்லவில்லை. தொடரை இன்றைக்குப் பார்க்கிறவர்களுக்கு ஒரு விஷயம் சீக்கிரம் புரிந்துவிடும்: நடிப்பில் தூக்கலாகத் தெரிவது செர்கெலோவ்தான். வெலின்ஸ்கி கத்துவதில்லை. கைதியை நாற்காலியில் உட்காரவைத்து மரியாதையாகப் பேசுவான். எதிராளியின் அடுத்த அசைவை முன்கூட்டியே யோசித்து வைத்திருக்கும் ஓய்ந்த முகம். தன் கட்சி தோற்கப் போகிறது என்பது அவனுக்கு ஒருவேளை தெரிந்திருக்கிறதோ என்ற எண்ணத்தைச் செர்கெலோவ் கண்களிலேயே வைத்திருப்பார். அரசு டிவியில், அரசு செலவில், ஆட்சியின் எதிரி இவ்வளவு புத்திசாலியாகக் காட்டப்பட்டது எப்படி என்பது இன்றும் விவாதிக்க வேண்டிய விஷயம். எழுத்தாளர் குழுவில் யார் இருந்தார்கள் என்பதில் ஒரு துப்பு இருக்கிறது. சிறுவர் படத்தை எழுதிய அதே வெழினோவ் அதில் ஒருவர். இன்னொருவர் கியோர்கி மார்க்கோவ்.

ஆமாம், அந்த மார்க்கோவ்தான். 1969இல் நாட்டை விட்டு வெளியேறி, முதலில் இத்தாலிக்கும் பிறகு லண்டனுக்கும் போய், வானொலியில் பல்கேரிய ஆட்சியாளர்களைக் கிழித்துத் தொங்கவிட்டவர். 1978 செப்டம்பர் 7 அன்று வாட்டர்லூ பாலத்தருகே பஸ்ஸுக்காக நின்றபோது தொடையில் சுருக்கென்று குத்தியது. திரும்பிப் பார்த்தால் ஒருவன் கீழே கிடந்த குடையை எடுத்துக்கொண்டு போகிறான். நான்கு நாளில் மார்க்கோவ் இறந்தார். உடலில் இருந்து எடுத்தது ஆமணக்கு விதையில் இருந்து பிரிக்கிற ரைசின் விஷம் ஏற்றிய, குண்டூசித் தலை அளவு உலோகக் குண்டு என்று முடிவு கட்டினார்கள். கம்யூனிஸ்ட் நாயகன் தெயானோவை மக்கள் மனதில் பதியவைத்த தொடருக்கு எழுதிய கைகளில் ஒன்று இவருடையது. ஆட்சி வளர்த்துவிட்டது என்ற வாக்கியம் எவ்வளவு சிக்கலானது என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குக் கிடைக்கவில்லை.

அந்தத் தொடர் டனாயிலோவுக்குப் புகழைக் கொடுத்தது, கூடவே ஒரு பொறியையும் வைத்தது. அடுத்தடுத்து அதே அச்சில் வேடங்கள் வந்தன. 1970இல் வெளிவந்த 'கறுப்பு தேவதைகள்', போர்க்காலச் சோஃபியாவில் ஆட்சியின் பெரிய மனிதர்களைச் சுட்டுக் கொல்லும் இளம் கம்யூனிஸ்டுகளின் கதை. வுலோ ரதேவ் இயக்கியது, படம் பிடித்த விதத்துக்காகவே பார்க்கலாம். அதே வருடம் 'இளவரசன்', தாத்தாரியரிடம் பிணைக்கைதியாக இருந்து 1300இல் பல்கேரியாவின் அரியணை ஏறிய ஸ்வெதொஸ்லாவின் கதை. குதிரை, வாள், அகன்ற திரை. இதிலெல்லாம் அவர் பார்க்க லட்சணமாக இருக்கிறார், நிமிர்ந்து நிற்கிறார், வசனம் தெளிவாக வருகிறது. அதற்கு மேல் சொல்ல எனக்கு எதுவும் இல்லை. அந்தப் பத்து வருடங்களின் சிறந்த நடிப்பு வேறு இடங்களில் இருந்தது. 1972இல் 'ஆட்டுக்கொம்பு' படத்தில் கத்யா பஸ்கலேவா செய்ததைப் பார்த்தால் நான் சொல்வது புரியும்.

1980இல்தான் அவர் அந்த அச்சில் இருந்து வெளியே வந்தார், அதுவும் ஒரு நகைச்சுவைப் படத்தில். 'பெண்களின் முறை' என்று தமிழில் சொல்லலாம். கியோர்கி மிஷெவ் எழுதி இவான் அந்தோனோவ் இயக்கியது. டனாயிலோவ் இதில் யாகிம் தொனெவ் என்ற கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கும் பயிற்சியாளர். சிறு நகரம். பக்கத்து இருக்கையில் உட்கார்ந்து கியர் மாற்றச் சொல்லிக்கொடுப்பதுதான் வேலை. கற்றுக்கொள்ள வரும் பெண்கள் ஒவ்வொருவராக அவனிடம் மனதைப் பறிகொடுக்கிறார்கள். விஷயம் என்னவென்றால் யாகிம் பெரிதாக எதுவும் செய்வதில்லை. பொறுமையாகப் பேசுவான், அவர்கள் சொல்வதைக் கேட்பான், அவ்வளவுதான். வீட்டில் யாரும் காது கொடுத்துக் கேட்காத பெண்களுக்கு அது போதுமானதாக இருக்கிறது. நாடே ஆசைப்பட்ட அழகன் என்ற தன் பிம்பத்தை எடுத்து, அதை ஒரு களைத்துப்போன நல்ல மனிதனுக்கு மாட்டி, எவ்வளவு சங்கடமாக இருக்கிறது பாருங்கள் என்று அவரே சிரிக்கிறார். கண்ணாடி வழியாகப் பின்னால் பார்க்கிற பார்வையிலும், கதவைத் திறந்து இறங்குவதற்கு முன் ஒரு கணம் தயங்குவதிலும் அத்தனை சிரிப்பும் இருக்கிறது. போராளி வேடங்களில் உடம்பு முழுக்க முறுக்கேறி இருந்தவர் இதில் தோளைத் தளரவிட்டிருக்கிறார். என் கணக்கில் அவர் நடிகரானது இந்தப் படத்தில்தான்.

சரி, ஆட்சி தூக்கிவிட்டதா? உறுதியாகச் சொல்ல முடிந்தது இவ்வளவுதான்: தயாரிப்பாளர் ஒருவரே, அது அரசு. யாருடைய படமானாலும் அரசு அனுமதி இல்லாமல் வெளிவராது. அந்த அர்த்தத்தில் அந்தக் காலத்து எல்லா நடிகர்களும் ஆட்சி வளர்த்தவர்கள்தான், அதனால் அந்தச் சொல்லுக்குப் பிரித்துக்காட்டும் பலம் போய்விடுகிறது. ஒப்பிட ஒருவரைச் சொல்கிறேன். நெவெனா கொகானோவா, பல்கேரிய சினிமாவின் முதல் பெண்மணி என்று இன்றும் சொல்லப்படுகிறவர். நாடகக் கல்லூரியில் படித்தவர் இல்லை, யாம்போல் என்ற சிறு நகரத்து அரங்கில் ஆரம்பித்தவர். அவர் குடும்பம் புதிய ஆட்சிக்கு வேண்டிய குடும்பமும் இல்லை. இருந்தும் 1964இல் 'பீச் பழத் திருடன்' வந்த பிறகு அவருக்கு இணையாக அந்த நாட்டில் யாரும் இல்லை. ஆக, கட்சியின் தயவு இல்லாமலும் உச்சிக்குப் போக முடிந்தது. டனாயிலோவ் விஷயத்தில், ஆட்சிக்குப் பிடித்தமான வேடம் முதலிலேயே கிடைத்தது அவருக்குப் பெரிய அனுகூலம். அந்த வேடம் வேறொருவருக்குப் போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பது வெறும் ஊகம். பின்னாளில் அவர் வெளிப்படையாகவே சோஷலிஸ்ட் கட்சிக்காரராக இருந்தார், அதை மறைத்ததும் இல்லை. அதை வைத்துப் பழைய காலத்தை முழுக்க விளக்கிவிடலாம் என்று சிலர் நினைக்கிறார்கள். எனக்கு அதில் நம்பிக்கையில்லை.

1989 நவம்பர் 10 அன்று கம்யூனிஸ்ட் கட்சித் தலைவராக நாட்டை ஆண்டுவந்த தோதொர் ஷிவ்கோவ் பதவி இறக்கப்பட்டார். அடுத்த சில வருடங்களில் சினிமா சரிந்தது. 1980களில் வருடத்துக்கு இருபதுக்கும் மேல் கதைப்படங்கள் எடுத்த நாடு, 1990களின் கடைசியில் விரல்விட்டு எண்ணும் நிலைக்கு வந்தது. தியேட்டர்கள் கடைகளாகவும் பிங்கோ அரங்குகளாகவும் மாறின. பொயானா ஸ்டுடியோவே பின்னால் 2000களின் நடுவில் ஓர் அமெரிக்கக் கம்பெனிக்கு விற்கப்பட்டு, இன்றைக்கு ஹாலிவுட் அடிதடிப் படங்கள் எடுக்கும் இடமாக இருக்கிறது. இங்கேதான் நான் ஆரம்பத்தில் சொன்ன சம்பள விஷயம் வேலை செய்கிறது. சினிமாவை மட்டும் நம்பியிருந்த இயக்குநர்கள், ஒளிப்பதிவாளர்கள், எடிட்டர்கள் தெருவுக்கு வந்தார்கள். சம்பளம் சுருங்கினாலும் நாடக அரங்குகள் மூடப்படவில்லை, அதனால் நடிகர்களுக்கு ஒரு கூரை மிஞ்சியது. டனாயிலோவுக்கு இன்னொரு தூணும் இருந்தது. தான் படித்த அதே கல்லூரியில் நடிப்பு ஆசிரியராகி, பேராசிரியராகவும் ஆகிவிட்டார். அங்கே ஒரு பேராசிரியர் ஒரு மாணவர் கூட்டத்தை எடுத்து நான்கு வருடமும் தானே வளர்ப்பார். இன்றைக்கும் பல்கேரிய நடிகர்கள் தங்களை அறிமுகப்படுத்திக்கொள்ளும்போது யாருடைய வகுப்பு என்று சொல்வார்கள். 'லம்போ வகுப்பு' என்பது அப்படி ஒரு முகவரி.

வெளிநாட்டு வாய்ப்பும் அந்த நேரத்தில்தான் வந்தது. இத்தாலியின் 'ஆக்டோபஸ்' மாஃபியா தொடர் கிழக்கு ஐரோப்பாவில் பிரமாண்ட வெற்றி. அதன் ஏழாவது பாகத்தில், 1995இல், டனாயிலோவ் ஒரு மாஃபியாக்காரராக வந்தார். இத்தாலியில் டப்பிங் வழக்கம் ஆழமாக வேரூன்றியது, சொந்த ஊர் நடிகர்களுக்கே வேறொருவர் குரல் கொடுப்பது உண்டு. அதனால் மொழி தெரியாத முகமானாலும் கேமராவுக்குப் பிடித்தால் வேலை கிடைக்கும். இதை உலகப் புகழ் என்று ஊதிப் பெருக்க வேண்டியதில்லை. ஆனால் நேற்றுவரை அந்தத் தொடரைத் தங்கள் வீட்டு டிவியில் வாய்பிளந்து பார்த்த ஜனங்களுக்கு, தங்கள் தெயானோவ் அதற்குள் நடமாடுவதைப் பார்த்தது எப்படி இருந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

நண்பர் பார்த்த 'உலகம் முடிந்த பிறகு' இதற்கு மூன்று வருடம் கழித்து வந்தது. இவான் நிச்செவ் இயக்கம், அஞ்செல் வாகென்ஷ்தைன் தன் நாவலில் இருந்தே எழுதியது. வாகென்ஷ்தைன் பிளொவ்திவ் நகரத்துப் பழைய யூதக் குடும்பத்துப் பிள்ளை, 1959இல் கான் விழாவில் பரிசு வாங்கிய 'நட்சத்திரங்கள்' படத்துக்கும் எழுதியவர். இந்தக் கதையில் ஆல்பர்ட் கோஹன் இஸ்ரேலில் பேராசிரியர், பைசாந்திய வரலாறு அவர் துறை. ஒரு மாநாட்டுக்காகப் பல வருடம் கழித்து பிளொவ்திவுக்கு வருகிறார். பால்ய சிநேகிதியான ஆர்மீனியப் பெண் அராக்ஸியைச் சந்திக்கிறார். யூதர்கள், துருக்கியர்கள், ஆர்மீனியர்கள், ஜிப்சிகள், பல்கேரியர்கள் எல்லோரும் நெருக்கியடித்து வாழ்ந்த பழைய தெரு நினைவுக்கு வருகிறது. குடிகாரத் தாத்தாவாக வசில் மிகாய்லோவ் வந்து பழைய காலப் பகுதியை மொத்தமாக அள்ளிக்கொண்டு போய்விடுகிறார். அப்படி ஒரு தாத்தா படத்தில் இருக்கும்போது நிகழ்காலப் பகுதி சப்பென்று போயிருக்க வேண்டும். போகாததற்கு டனாயிலோவ் காரணம். அவருக்குப் படத்தில் செய்ய வேண்டியது நடப்பதும் பார்ப்பதும்தான். தெரிந்த வீட்டுக் கதவை அடையாளம் கண்டுகொள்ளும்போது முகத்தில் சந்தோஷம் வருவதற்கு முன்னால் ஒரு சின்ன எரிச்சல் வருகிறது, ஏன் இன்னும் நிற்கிறது இது என்பது போல. ஊரைவிட்டுப் போனவர்களுக்குத் தெரிந்த எரிச்சல் அது. முப்பது வருடம் முன்னால் இந்த ஆட்சியின் வருகையை வெற்றி விழாவாகக் கொண்டாடிய தொடரின் நாயகன், இதே ஆட்சி வந்து ஒரு தெருவைக் குலைத்த கதையில் சாட்சியாக நிற்கிறார். அந்த நாட்டுப் பார்வையாளர்கள் இரண்டு முகங்களையும் சேர்த்தேதான் பார்த்திருப்பார்கள்.

அரசியலைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன், நடிகர் மந்திரியாவது நமக்கு விளக்க வேண்டிய விஷயமில்லை. 2005 ஆகஸ்ட் முதல் 2009 ஜூலை வரை பிரதமர் செர்கெய் ஸ்டானிஷெவ் அமைச்சரவையில் கலாச்சார அமைச்சர். பல்கேரியா ஐரோப்பிய ஒன்றியத்தில் சேர்ந்தது அந்தக் காலத்தில்தான், 2007 ஜனவரி 1. தொல்பொருள்கள் தொடர்பான கலாச்சாரப் பாரம்பரியச் சட்டம் நிறைவேறியது 2009இல், அவர் பதவியில் இருந்தபோது. எனக்கு இதில் சுவாரசியமாகப் படுவது வேறு. அது மூன்று கட்சிக் கூட்டணி. ஒரு கட்சி, முன்னாள் மன்னர் சிமெயோனுடையது. 1944இல் தெயானோவின் தோழர்கள் ஆட்சியைப் பிடித்தபோது அரியணையில் இருந்த ஏழு வயதுப் பையன் அந்த சிமெயோன்தான்! திரைக்கதையில் எழுதினால் இயக்குநரே அடித்துவிடுவார். 2011 அதிபர் தேர்தலில் டனாயிலோவ் இவைலோ கால்ஃபினுடன் துணை அதிபர் வேட்பாளராக நின்றார். இரண்டாம் சுற்று வரை போய்த் தோற்றார்கள். அமைச்சராக அவர் நன்றாகச் செய்தாரா என்பதற்கு அவரவர் கட்சியைப் பொறுத்துத்தான் பதில் வரும். அதில் நான் தலையிடவில்லை.

2011இலேயே பிடிவி என்ற தனியார் சேனலில் 'தலைநகரவாசிகள்' பற்றிய குடும்ப நகைச்சுவைத் தொடர் ஒன்று ஆரம்பித்தது, அதில் நடித்தார். தெயானோவைக் கேள்விப்பட்டே இராத ஒரு தலைமுறைக்கு அவர் இந்த சீரியல்காரர்தான். விமர்சகர்கள் இதை இறக்கம் என்று எழுதினால் ஆச்சரியமில்லை. எனக்கு அப்படித் தோன்றவில்லை. 1969லும் அவர் டிவிக்காரர்தானே.

இணையத்தில் அவர் நடித்த படங்களின் எண்ணிக்கை என்று பல எண்கள் கிடைக்கும். எதையும் பிடித்துக்கொள்ள வேண்டாம். பல்கேரிய டிவி நாடகங்களை ஸ்டுடியோவில் படம்பிடித்து ஒளிபரப்பும், அவற்றைச் சிலர் படம் என்று எண்ணுவார்கள், சிலர் எண்ண மாட்டார்கள். தொடர்களைப் பகுதி பகுதியாக எண்ணுகிறவர்களும் உண்டு. நூற்றுக்கு மேல் என்று சொன்னால் தப்பாகாது, துல்லியம் இதில் முக்கியமும் இல்லை. அதேபோல் "பல்கேரியாவின் அலென் தெலோன்" மாதிரியான பட்டங்களைப் பார்த்தால் தாண்டிப் போய்விடுங்கள். எல்லா நாட்டு அழகான நடிகர்களுக்கும் யாராவது ஒருவர் அதை ஒட்டிவைத்திருப்பார்.

ஆக, பெரிய நடிகரா என்ற கேள்விக்கு என் பதில்: இளமையில் நல்ல நட்சத்திரம், நாற்பதுக்குப் பக்கத்தில் நல்ல நடிகர், ஐம்பதுக்கு மேல் சில இடங்களில் மிக நல்ல நடிகர். செர்கெலோவையோ பஸ்கலேவாவையோ போல ஒரே வேடத்தில் மூச்சை நிறுத்திவிடுகிறவர் இல்லை. மேடையில் பார்த்தவர்கள் இந்த மதிப்பீட்டை ஏற்க மாட்டார்கள், அவர்கள் சொல்வதில் நியாயம் இருக்கலாம்.

மேலே பார்க்க ஆசைப்பட்டால் வரிசையும் சொல்லிவிடுகிறேன். முதலில் 'பெண்களின் முறை'. பின்னணி எதுவும் தெரியாமலே ரசிக்கலாம். அப்புறம் 'ஒவ்வொரு கிலோமீட்டரிலும்' தொடரின் முதல் பருவத்தில் மூன்று நான்கு பகுதிகள், வெலின்ஸ்கியும் தெயானோவும் நேருக்கு நேர் பேசுகிற பகுதிகளாகப் பார்த்து எடுங்கள். இரண்டாவது பருவம் பிரசாரம் தூக்கலானது, ஆராய்ச்சிக்காரர்களுக்கு மட்டும் விட்டுவிடலாம். அதற்குப் பிறகு 'உலகம் முடிந்த பிறகு' படத்தை இன்னொரு தடவை போடுங்கள். அந்தப் பேராசிரியர் தெருவில் நடந்து வருகிற முதல் காட்சிகளே இந்தத் தடவை வேறு மாதிரி தெரியும். இதெல்லாம் முடித்தும் பல்கேரியா மேல் ஆசை தீரவில்லை என்றால் 'பீச் பழத் திருடன்', 'ஆட்டுக்கொம்பு' இரண்டையும் தேடுங்கள். அவற்றில் டனாயிலோவைத் தேட வேண்டாம்.